பேட் இழுக்கிறது, வசனம் மூழ்குகிறது

கேள்வி: என் குறும்படத்துக்கு நானே பின்னணி இசை போடுகிறேன். இரவில் ஒரு பெண் காலி வீட்டுக்குள் நடந்துவந்து போனில் பேசும் 3 நிமிடக் காட்சி. சின்தசைசரில் பேட் (நீண்டு இழுபடும் பின்னணி ஒலி) போட்டால் அரை நிமிடத்திலேயே சலிப்புத் தட்டுகிறது, சத்தத்தைக் கூட்டினால் வசனம் கேட்கவில்லை. எங்கே தப்பு?

பதில்: பேடை மியூட் செய்துவிட்டு, ஹெட்போன் மாட்டிக்கொண்டு, காட்சியில் இருக்கும் சத்தத்தை மட்டும் இரண்டு தடவை கேளுங்கள். காலி வீடு என்கிறீர்கள், ஆனால் அங்கே ஃபிரிட்ஜ் உறுமும், எங்கேயோ ஒரு ஃபேன் சுற்றும். அதாவது நீங்கள் கை வைக்கும் முன்பே அந்த அறைக்கு ஒரு சுருதி இருக்கிறது. ரெக்கார்டிஸ்ட் படப்பிடிப்பில் ஃபிரிட்ஜை அணைத்திருப்பார், சரி, அப்படியானால் சவுண்ட் டிசைனர் பிறகு எதைச் சேர்க்கப் போகிறார் என்று இப்போதே கேட்டுவிடுங்கள்.

மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்றால் அந்த உறுமல் பெரும்பாலும் 100 ஹெர்ட்ஸில் நிற்கும். கீபோர்டில் அதற்குப் பக்கத்தில் இருப்பது 98 ஹெர்ட்ஸில் உள்ள ஜி ஸ்வரம். நீங்கள் தெரியாமல் அடுத்த கீயான ஜி ஷார்ப்பில் டிரோன் (நிறுத்தாமல் ஒலிக்கும் ஒற்றை ஸ்வரம்) பிடித்தால் அது 104-ஐ ஒட்டி வரும், இரண்டும் உரசி விநாடிக்கு நாலு தடவை அலையடிக்கும். பயமுறுத்த வேண்டுமா, அதுவே போதும், வேறு இசையே வேண்டாம். வேண்டாமென்றால் ஜி-யை 35 சென்ட் (அடுத்தடுத்த இரண்டு கீகளுக்கு இடையே 100 சென்ட்) ஏற்றி உறுமலோடு சேர்த்துவிடுங்கள், இசை எப்போது தொடங்கியது என்றே பார்ப்பவருக்குத் தெரியாது. 60 ஹெர்ட்ஸ் உள்ள நாட்டில் இதே கணக்கை 120-க்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

சலிப்புக்குக் காரணம், நாதம் அசையாமல் நிற்பதுதான். பலரும் உடனே கார்டை (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கூட்டத்தை) மாற்றுவார்கள், நான் மாற்ற மாட்டேன். ஸ்வரம் அப்படியே இருக்கட்டும், லோ-பாஸ் ஃபில்டரை (உயர்ந்த அதிர்வெண்களை வெட்டும் வடிகட்டியை) மட்டும் அவள் கதவைத் தொடும்வரை 20, 30 விநாடி எடுத்து மெல்லத் திறவுங்கள், கதவு திறந்ததும் பட்டென்று மூடுங்கள். அப்புறம், உலோகத் தட்டின் விளிம்பில் வயலின் வில்லை இழுத்துப் பதிவுசெய்து பாதி வேகத்தில் ஓட்டிப் பாருங்கள், ஒரு ஸ்தாயி இறங்கும், நீளமும் இரண்டு மடங்காகும். அதில் வரும் கரகரப்பு எந்த ரெடிமேட் பேடிலும் கிடைக்காது (அக்கம்பக்கத்தார் பொறுத்துக்கொள்ள வேண்டும்).

வசனம் கேட்க, பேடின் ஈக்யூவில் (அதிர்வெண்வாரியாக ஒலியைக் கூட்டிக் குறைக்கும் கருவியில்) 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் வரை 3 டெசிபல் குறைத்தால் மெய்யெழுத்துகள் மேலே வந்துவிடும். ஆனால் என்னைக் கேட்டால், போனைக் காதில் வைத்து அவள் மூச்சிழுக்கும் இடத்திலேயே இசையை எடுத்துவிடுங்கள், ஃபிரிட்ஜ் மட்டும் இருக்கட்டும்.

கடைசியாக, மொபைலில் ஒரு தடவை போட்டுக் கேளுங்கள். அதன் ஸ்பீக்கரில் 100 ஹெர்ட்ஸ் கிட்டத்தட்ட வராது, அதனால் ஒன்று, இரண்டு ஸ்தாயி மேலே அதே ஸ்வரத்தை லேசாகச் சேர்த்துவையுங்கள்.