டைட்டானிக்: வசூலிலிருந்து ஆட்கணக்குக்கு

1997 டிசம்பரில் வெளியான டைட்டானிக் படத்தை எத்தனை பேர் பார்த்தார்கள் என்றறிய, அதன் முதற்சுற்று உலக வசூலான ஏறத்தாழ 184 கோடி டொலரை, திருகோணமலையில் நீங்கள் அண்மையில் வாங்கிய டிக்கட்டின் விலையால் வகுத்தபோது நம்ப முடியாத தொகை வந்ததாக எழுதியிருந்தீர்கள். வகுத்தலில் பிழையில்லை, இன்றைய நம்மூர் விலையை அன்றைய உலகம் முழுவதற்கும் பொருத்தியதே பிழை.

வசூலை நாடுவாரியாகப் பிரித்து, ஒவ்வொரு பகுதியையும் அந்நாட்டில் அந்த ஆண்டிலிருந்த சராசரி விலையால் வகுக்க வேண்டும். அமெரிக்க, கனடிய வசூல் சுமார் 60 கோடி டொலர். 1998இல் அமெரிக்காவின் சராசரி விலை 4.69 டொலர் என்பதால், அங்கு 12.8 கோடி டிக்கட்டுகள் வரை விற்றிருக்கும். பிரான்சில் இந்தத் தொல்லையே இல்லை. பணத்தைவிட நுழைவுகளையே அங்கு முக்கியமாக எண்ணுவதால், 2 கோடிக்கு மேல் என்ற எண்ணிக்கை நேரடியாகக் கிடைக்கிறது.

ஆயினும் டிக்கட் வேறு, ஆள் வேறு. திரும்பத் திரும்பப் பார்த்தவர்களை ஊகித்துத்தான் கழிக்க வேண்டும். மறுபுறம், உப்புவெளியில் எங்கள் பெரியம்மா வீட்டு விறாந்தையில், வாடகை டெக்கில், ஜெனரேட்டருக்கு எண்ணெய் தீருமுன் முடிய வேண்டுமே என்ற பதைப்புடன் பதினேழு பேர் நெருக்கியடித்துப் பார்த்தோம் (மூன்றே கால் மணி நேரப் படம்!), எங்களில் ஒருவர்கூட அந்த 184 கோடி டொலர் வசூலுக்குள் இல்லை. ஆகவே, தியேட்டரில் பார்த்தவர்களின் தொகையா, எப்படியாவது பார்த்தவர்களின் தொகையா வேண்டுமென்பதை முதலில் தீர்மானியுங்கள். முன்னதற்கு மட்டுமே இந்தக் கணக்குப் பொருந்தும்.