கொடுத்த ஊதிய உயர்வைத் திரும்ப எடுத்துக்கொண்டால் நீதிமன்றம் போகலாமா?

போகலாம், ஆனால் கேள்வியில் இரண்டு விஷயங்கள் கலந்திருக்கின்றன: அரசு ஊழியருக்குக் கொடுத்த உயர்வை ரத்து செய்து சம்பளத்தைக் குறைப்பது ஒன்று, இதுவரை வாங்கியதைத் திருப்பிக் கட்டச் சொல்வது இன்னொன்று.

இப்படித் திருப்பி வாங்கும் பிடித்தம் விஷயத்தில் ஊழியர் பக்கம் பலமாகவே இருக்கிறது. பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மசி வழக்கில் 2014 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: சி, டி பிரிவு (கீழ்நிலைப் பணி) ஊழியர்கள், ஓய்வு பெற்றவர்கள், ஓராண்டுக்குள் ஓய்வு பெறப்போகிறவர்கள் இவர்களிடம் பிடிக்கக் கூடாது, 5 ஆண்டுகளுக்கு மேல் கூடுதலாகக் கொடுத்துவந்த பிறகும் பிடிக்கக் கூடாது. கணக்குப் போட்டது அலுவலகம், அந்தப் பணத்தில் பிள்ளைகளைப் படிக்க வைத்தவரை ஓய்வுக்காலத்தில் கடனாளியாக்குவது அநியாயம்தானே. ஆனால் "கூடுதலாக வந்திருந்தால் திருப்பித் தருகிறேன்" என்று ஊதிய நிர்ணயத்தின்போது உறுதிமொழி எழுதிக் கொடுத்திருந்தால் நிலைமை மாறும். 2016-ல் உச்ச நீதிமன்றத்தின் ஜக்தேவ் சிங் தீர்ப்பில் அதை வைத்தே பிடித்தத்தை அனுமதித்தார்கள். அதனால் முதலில் பணிப்பதிவேட்டைப் பாருங்கள்.

உயர்வை ரத்து செய்ததை எதிர்ப்பது கொஞ்சம் கடினம். விதிப்படி தகுதியே இல்லாமல் கொடுத்திருந்தால் இனிமேலுக்குச் சரிசெய்ய நிர்வாகத்துக்கு உரிமை உண்டு. ஆனாலும் விளக்கம் கேட்டு நோட்டீஸ் தராமல், தணிக்கை ஆட்சேபணையை மட்டும் காட்டி ஒரே உத்தரவில் குறைத்திருந்தால் அதுவே வலுவான வாதம்.

சரி, எங்கே போவது? மாநில அரசு ஊழியர் என்றால் தமிழ்நாட்டில் உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-வது பிரிவின் கீழ் ரிட் மனு, மத்திய அரசு ஊழியர் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். பிடித்தம் தொடங்குவதற்கு முன்பே இடைக்காலத் தடை கேட்டுவிடுங்கள்.