வாய்தா முடிய மேல்கோர்ட் உத்தரவு: வழக்கறிஞர் பதில்கள்

மேலூர் வாசகர்: ஐயா, அப்பா 2009-ல் போட்ட பாகப்பிரிவினை வழக்கு இன்னும் வாய்தாவிலேயே ஓடுகிறது. ஹைகோர்ட் கிளையில் மனுப்போட்டால் ஆறு மாதத்தில் முடிக்கச் சொல்வார்களாமே?

பதில்: சொல்ல அதிகாரம் உண்டு தம்பி. அரசியல் சாசனம் 227-வது பிரிவில் சி.ஆர்.பி., அதாவது சிவில் சீராய்வு மனு போட வேண்டும். ஆனால் முன்போல எளிதில் கிடைக்காது. 2024 பிப்ரவரி 29 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, அசாதாரணமான நிலைமை இருந்தால் மட்டுமே கீழ்கோர்ட்டுக்குக் கெடு விதிக்கலாம் என்று சொல்லிவிட்டது. அதில் நியாயம் இருக்கிறது. உங்களுக்கு முன்பே வழக்குப் போட்ட ஏழை ஒருவர் அதே கோர்ட்டில் காத்திருப்பார். மதுரைக்கு வந்து செலவழிக்க முடிந்தவர் அவரைத் தாண்டிப் போகக் கூடாது.

அதனால் உங்கள் வழக்கு ஏன் அவசரம் என்று காட்டுங்கள். அப்பாவின் வயது, மருத்துவச் சான்று, எதிர்த்தரப்பு எத்தனை முறை இழுத்தது என்ற விவரம் எல்லாம் வேண்டும். வாய்தா வாரியாக நடந்ததை இ-கோர்ட்ஸ் செயலியிலேயே பார்க்கலாம். வழக்குப் போட்டவர் போய்ச் சேர்ந்து, பேரன் வழக்குக் காகிதக் கட்டைத் தூக்கிக்கொண்டு வருவதைப் பார்த்திருக்கிறேன், மனசு தாங்காது. அப்படி யாராவது இறந்தால் 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனுப்போட வேண்டும், மறந்துவிடாதீர்கள்.

உசிலம்பட்டி வாசகி: சார், எங்கள் வக்கீலும் பல தடவை வாய்தா வாங்கியிருக்கிறார். பாதிக்குமா?

பதில்: பாதிக்கும் அம்மா. விசாரணையில் ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்பது சட்டம். முதலில் உங்கள் சாட்சியை முடியுங்கள்.

திருமங்கலம் வாசகர்: எனக்குச் சாதகமாக டிக்கிரி (தீர்ப்பாணை) ஆகி நான்கு வருடம். அதை நிறைவேற்றித் தரக் கேட்டுப் போட்ட ஈ.பி. (நிறைவேற்று மனு) நகரவே இல்லை.

பதில்: இங்கே உங்கள் கை ஓங்கியிருக்கிறது. ஈ.பி.யை ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும், தாமதமானால் காரணத்தை எழுதி வைக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-லேயே சொன்னது. 2025 மார்ச்சில், தமிழ்நாட்டு நில வழக்கு ஒன்றில், எல்லா ஹைகோர்ட்டுகளும் கணக்கெடுத்துக் கீழ்கோர்ட்டுகளை முடுக்கிவிட வேண்டும் என்று உத்தரவிட்டது. அதே ஆண்டு கணக்கு வந்தபோது நாடு முழுக்க எட்டு லட்சத்துக்கும் மேல் ஈ.பி. தேங்கியிருந்தது. ஜெயித்தும் நிலத்தில் கால் வைக்க முடியாதவர்கள் அத்தனை பேர்! இந்த இரண்டு தீர்ப்பையும் சொல்லி ஈ.பி. கோர்ட்டிலேயே முதலில் மெமோ கொடுங்கள். அப்புறமும் அசையவில்லை என்றால் 227-க்குப் போங்கள்.

வாடிப்பட்டி வாசகர்: ஹைகோர்ட் கொடுத்த கெடு முடிந்துவிட்டது. அவமதிப்பு வழக்குப் போடலாமா?

பதில்: அவசரப்படாதீர்கள். கீழ்கோர்ட் நீதிபதி காரணம் சொல்லி ஹைகோர்ட்டிடம் கூடுதல் காலம் கேட்கலாம், பெரும்பாலும் கிடைத்துவிடும். உத்தரவு நகல் அந்தக் கோர்ட்டுக்குப் போய்ச் சேர்ந்ததா என்று முதலில் பாருங்கள். வக்கீல் மேசையிலேயே அது கிடந்த வழக்குகளும் உண்டு.