கடல் சாகச நாவலைத் தொடராக்கும் கனவு: ஒரு பெற்றோருக்கு வழிகாட்டல்

உங்கள் மகள் வரலாறு இரண்டாம் ஆண்டு படிக்கிறார். நெப்போலியன் காலத்துப் பிரிட்டிஷ் கடற்படை நாவல்களைத் தொலைக்காட்சித் தொடராக எழுத வேண்டும் என்கிறார். இப்படி ஒரு வேலை உண்டா, இதை நம்பி விடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

அந்தப் பெயரில் யாரும் ஆள் எடுப்பதில்லை. திரைக்கதை எழுத்தாளர், திரைக்கதையைத் திருத்திச் செம்மைப்படுத்தும் ஸ்கிரிப்ட் எடிட்டர், ஆய்வு உதவியாளர் என்றுதான் எடுப்பார்கள். கடல் கதை படம்பிடிக்க அதிகச் செலவு பிடிக்கும் வகை என்பதால், அதைப் புதியவரின் முதல் வேலையாக எந்தத் தயாரிப்பாளரும் கொடுக்க மாட்டார். ஆனால் அதில் பழகும் கை வேறு எந்தத் தொடருக்கும் உதவும். ஆகவே தடுக்க வேண்டாம். எதை எந்த வரிசையில் கற்கிறார் என்பதை மட்டும் கவனியுங்கள்.

முதலில் உரிமை. பிரிட்டனில் எழுத்தாளர் இறந்த ஆண்டு முடிந்து 70 ஆண்டுகள் வரை பதிப்புரிமை நிற்கும். ஹார்ன்ப்ளோவர் என்ற கடற்படை அதிகாரியை நாயகனாகக் கொண்ட நாவல்களை எழுதிய சி. எஸ். ஃபாரஸ்டர் 1966-ல் இறந்தார். அங்கே 2036 முடியும்வரை அவற்றுக்கு உரிமை உண்டு. கடற்படை அதிகாரியாக இருந்து நாவலாசிரியரான ஃபிரெடெரிக் மாரியட் இறந்தது 1848-ல். அவர் நாவல்களை யாரும் தழுவலாம். அப்போதும் இரண்டு இடத்தில் வழுக்கும். புதிய பதிப்பின் முன்னுரையும் குறிப்புகளும் பதிப்பாசிரியருக்குச் சொந்தம். பழைய தொடர் ஒன்று நாவலில் இல்லாத பாத்திரத்தைச் சேர்த்திருந்தால் அது அந்தத் தொடருக்குச் சொந்தம். எனவே மூல நூலை மட்டும் மேசையில் வைத்துக்கொண்டு எழுதப் பழகட்டும்.

அடுத்தது, எந்த நூல் தொடருக்குத் தாங்கும் என்ற கணிப்பு. பிரிட்டனின் ஐடிவி தொலைக்காட்சியில் 1998 முதல் 2003 வரை எட்டு டெலிஃபிலிம்களாக வந்த ஹார்ன்ப்ளோவரை இதற்காகவே பார்க்கலாம். முதலில் வெளிவந்த 1937 நாவலில் நாயகன் ஏற்கெனவே கேப்டன். தொடரோ 1950-ல் வந்த, அவன் மிட்ஷிப்மேனாக, அதாவது அதிகாரியாகப் பயிலும் இளைஞனாக, இருந்த நாள்களைத் தனித்தனிச் சம்பவங்களாகச் சொல்லும் நூலிலிருந்து தொடங்கியது. ஒவ்வொரு சம்பவத்துக்கும் தொடக்கமும் முடிவும் உண்டு என்பதால் எபிசோடாகப் பிரிப்பது எளிது. கப்பல் ஏறும் புதியவனோடு சேர்ந்து பார்வையாளரும் கப்பலைக் கற்றுக்கொள்கிறார். விளக்க வசனம் பாதி குறைகிறது.

அதே தொடரில் இன்னொரு பாடமும் இருக்கிறது. நாயகனின் தன்னம்பிக்கைக் குறைவு, பயம், கணக்கு எல்லாம் நாவலில் அவன் மனத்துக்குள் நடக்கின்றன. கேமராவால் மனத்துக்குள் போக முடியாது. புதியவர்கள் உடனே பின்னணிக் குரலை வைத்துவிடுவார்கள். பத்து நிமிடத்தில் அது அலுத்துவிடும். தொடர் என்ன செய்தது என்றால், நூலில் சிறு பாத்திரமாக வந்துபோகும் கென்னடி என்ற இளைஞனை நாயகனின் நெருங்கிய நண்பனாக வளர்த்தது. மனத்தில் இருந்தது பேச்சாக வெளியே வந்தது. மகள் தேர்ந்தெடுக்கும் நாவலில் இப்படி வளர்க்கத்தக்க ஆள் யார் என்று பாருங்கள். கப்பல் மருத்துவர், கேப்டனின் பணியாள், துணை அதிகாரி என யாராவது இருப்பார்கள்.

இனிக் கணக்கு. ஸ்கிரிப்டில் ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம். 50 நிமிட எபிசோட் ஆறு என்றால் 300 பக்கம். நாவலில் லட்சம் சொல் இருந்தால் ஸ்கிரிப்டில் அதில் பாதிக்குச் சற்று மேல்தான் இடம் கிடைக்கும். வெட்டும்போது எங்கே வெட்டுவது? இந்த வேலையின் உயிரே இதில்தான் இருக்கிறது. தரையில் நாளுக்கு ஐந்தாறு பக்கம் எடுக்கும் குழு, நிஜக் கடலில் ஒன்றிரண்டு எடுத்தாலே பெரிது. வெளிச்சம் மாறும், கப்பலைத் திருப்பி மறுபடி அதே இடத்துக்குக் கொண்டுவர நேரமாகும், அடிவானத்தில் சரக்குக் கப்பல் வந்து நிற்கும். ஆகவே ஒவ்வொரு காட்சிக்கும் நான்கு வண்ணத்தில் ஒன்றைத் தீட்டச் சொல்லுங்கள்: திறந்த கடல், செட்டிலோ படப்பிடிப்பு நீர்த்தொட்டியிலோ உள்ள மேல்தளம், கப்பலின் உள்ளறை, தரை. 50 பக்கத்தில் திறந்த கடலுக்கு ஐந்தாறு பக்கத்துக்கு மேல் போனால், தயாரிப்பு மேலாளர் முதலில் வெட்டுவது அதைத்தான். அவர் வெட்டினால் கதை உடையும். எழுதுபவரே குறைத்துவிட்டால் உடையாது.

கடற்போரையும் உள்ளிருந்தே எழுதலாம். பீரங்கித் தளத்தில் இருந்தவர்களுக்குப் புகையும் சிறு திறப்பும் தவிர அதிகம் தெரிந்ததில்லை. ஒரே ஒரு பீரங்கியை எடுத்துக்கொண்டால் போதும். ஈரத் துடைப்பான் குழலுக்குள் போகிறது. வெடிமருந்துப் பை, குண்டு, அடைப்பு என ஒவ்வொன்றாகத் திணிக்கிறார்கள். கயிற்றை இழுத்துப் பீரங்கியை வெளியே நீட்டுகிறார்கள். சுட்டதும் அது பின்னோக்கிப் பாய்கிறது. பழகிய குழு இதை ஒன்றரை, இரண்டு நிமிடத்தில் முடிக்கும். துடைப்பவன் அவசரத்தில் சரியாகத் துடைக்காமல், பழைய கங்கு உள்ளே அணையாமல் கிடந்தால், அடுத்த பை திணிக்கும்போதே வெடித்துக் கையைப் பறிக்கும். எதிரிக் கப்பலைக் காட்டாமலே பதற்றம் இங்கே கிடைத்துவிடுகிறது.

காற்றைப் படிக்காமல் இந்தப் பக்கம் வரவே கூடாது. காற்று பின்னாலிருந்து தள்ளும்போது பாய்மரக் கப்பலின் கொடி முன்னோக்கிப் பறக்கும். மோட்டார் படகைப் பார்த்துப் பழகியவர்கள் "கொடி பின்னால் படபடக்க, காற்று தள்ள, கப்பல் விரைந்தது" என்று எழுதிவிடுவார்கள். சதுரப் பாய்க் கப்பலால் காற்று வரும் திசைக்கு ஏறக்குறைய 67 பாகைக்கும் நெருக்கமாகப் போக முடியாது. காற்றுக்கு எதிரே போக வேண்டுமானால் வளைந்து வளைந்துதான் போக வேண்டும். துரத்தல் நாள்கணக்கில் நீள்வதற்கு ஒரு காரணம் இதுதான். மூன்று நாள் துரத்தலை ஆறு நிமிடமாக்கும்போது, காற்று எப்போது திசை மாறியது என்ற ஒரு கணத்தைக் காட்டினால் மீதியைப் பார்வையாளர் புரிந்துகொள்வார்.

செய்தி தாமதமாக வருவதையும் பயன்படுத்தத் தெரிய வேண்டும். பிரிட்டிஷ் கடற்படை பிரெஞ்சு, ஸ்பானியக் கப்பல்களை வென்ற டிரஃபால்கர் போர் நடந்தது 1805 அக்டோபர் 21. செய்தி லண்டன் கடற்படைத் தலைமையகத்தை எட்டியது நவம்பர் 6 அதிகாலை. மேலிடத்து ஆணை கைக்கு வரும்போதே பழசாகியிருக்கும்; கேப்டன் தனியாக முடிவெடுத்தாக வேண்டும். தழுவும்போது இதை மறந்து, கடிதம் மறுநாளே வந்து சேர்வதாக எழுதினால் கேப்டன் பாத்திரத்தின் கனமே போய்விடும்.

வரலாறு படிப்பதை விட வேண்டாம். லண்டனின் கியூ பகுதியில் உள்ள பிரிட்டிஷ் தேசிய ஆவணக் காப்பகத்தில் கேப்டன்களின் நாட்குறிப்புப் பதிவுகள் ADM 51 என்ற வரிசையிலும், கப்பல் செலுத்தும் மாஸ்டர்களின் பதிவுகள் ADM 52 வரிசையிலும் இருக்கின்றன. இப்படி ஆவணம் படிக்கத் தெரிந்தவருக்கு ஆய்வு உதவியாளர் வேலைக்கு வாசல் திறக்கும்.

கையில் இருக்க வேண்டியவை மூன்று. உரிமை முடிந்த நாவலிலிருந்து 50 பக்கத்தில் ஒரு முதல் எபிசோட். பாத்திரங்களையும் தொடரின் ஒரு சீசன் போகும் போக்கையும் சொல்லும் பத்துப் பக்க சீரீஸ் பைபிள். மூன்றாவதாக, இன்றைய காலத்தில், இரண்டே அறைக்குள் நடக்கும் சொந்தக் கதை ஒன்று. வேலை வாங்கித் தருவது பெரும்பாலும் மூன்றாவதுதான், ஏனென்றால் குறைந்த செலவில் இவரால் எழுத முடியும் என்று அது காட்டுகிறது. மகள் இதைத்தான் தள்ளிப்போடுவார். நீங்கள் நினைவுபடுத்த வேண்டியிருக்கும்.

நுழைவு வேலைகள் சிறியவை: படப்பிடிப்பில் எடுபிடி வேலை செய்யும் ரன்னர், வரும் ஸ்கிரிப்டுகளைப் படித்துக் கருத்துச் சொல்லும் ஸ்கிரிப்ட் ரீடர், எழுத்தாளர்கள் கூடிக் கதை பேசும் ரைட்டர்ஸ் ரூமில் உதவியாளர். ஒப்பந்தம் சில வாரமோ சில மாதமோ இருக்கும். இடையில் வருமானம் நிற்கும். இதைத் தாங்கும் பகுதிநேர வேலை ஒன்றை இப்போதே யோசித்து வையுங்கள். ஆடியோ நாடகம், வீடியோ கேம் கதை, அருங்காட்சியகக் காட்சியமைப்பு ஆகியவற்றிலும் இதே திறமைக்கு இடம் உண்டு. ஏஜென்ட் என்று வருபவர் முன்பணம் கேட்டால் ஒதுங்கிவிடுங்கள். முறையான ஏஜென்ட் வேலை கிடைத்த பிறகு அதன் சம்பளத்திலிருந்துதான் கமிஷன் எடுப்பார்.

வரும் விடுமுறையில் ஒரே ஓர் அத்தியாயத்தை எடுத்து 12 பக்கமாக எழுதித் தரச் சொல்லுங்கள். கப்பலே தெரியாத ஒருவரிடம் கொடுத்துப் படிக்கவைத்து, எந்தப் பக்கத்தில் குழம்பினார் என்று கேட்டுக் குறித்துக்கொள்ளட்டும். அந்தப் பக்கங்களைத் திருத்தி எழுத மகள் தானாக உட்கார்கிறாரா என்பதை வைத்து, அடுத்த ஆண்டு திரைக்கதைப் படிப்புக்குப் பணம் கட்டலாமா என்று நீங்கள் முடிவு செய்யலாம்.