உதடு அசைகிறது, குரல் எங்கே?

அன்புள்ள ஐயா,

வரலாற்று ஆவணப்படங்களின் முடிவில் ‘ஆர்க்கைவ் புரொடியூசர்’ என்று ஒரு பெயர் வருகிறது. யூடியூபில்தான் எல்லாம் கிடைக்கிறதே, பழைய காட்சிகளைத் தேடியெடுக்கத் தனியாக ஓர் ஆள் எதற்கு? அப்பா வீட்டுக் கேமராவில் எடுத்த சூப்பர் 8 பிலிம் ரீல்கள் எங்கள் வீட்டுப் பரணில் கிடக்கின்றன. அவற்றை வைத்து ஒரு படம் செய்ய ஆசை, அதனால் கேட்கிறேன்.

ர., மதுரை

அன்புள்ள ர.,

தேடியெடுப்பது அந்த வேலையில் பாதிகூட இல்லை. கிடைத்த துண்டில் இருப்பவர் யார், அது எந்த நாள், எந்த ஊர், உரிமை யாரிடம் இருக்கிறது என்று உறுதிசெய்வதுதான் பெரும்பாடு. யூடியூபில் இருப்பது பெரும்பாலும் பிரதியின் பிரதி. தலைப்பில் போட்டிருக்கும் வருடத்தையும் நம்ப முடியாது.

மனிதன் முதன்முதலில் நிலவில் இறங்கிய பயணத்தைப் பற்றி 2019-இல் வந்த ‘அப்போலோ 11’ ஆவணப்படம் பார்த்திருக்கிறீர்களா? டாட் டக்ளஸ் மில்லர் இயக்கியது. புதிதாக எடுத்த பேட்டி ஒன்றுகூடக் கிடையாது, எல்லாமே பழைய காட்சிகள். அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்தில் பல பத்தாண்டுகள் கிடந்த 65 மி.மீ. சுருள்கள் அதற்காக வெளியே வந்தன. எல்லோரும் அதைத்தான் வியந்தார்கள். எனக்குப் பெரிதாகப் பட்டது, அந்தப் படத்தின் ஆர்க்கைவ் புரொடியூசர் ஸ்டீபன் ஸ்லேட்டர் செய்த வேலை. ஹூஸ்டன் கட்டுப்பாட்டு அறையில் 16 மி.மீ. கேமராவில் எடுத்தவை ஊமைக் காட்சிகள். பேச்செல்லாம் தனியாக ஒலிநாடாக்களில் இருந்தது. படக்குழுவின் கைக்கு வந்த ஒலி மட்டும் 11,000 மணி நேரம். திரையில் ஒருவர் வாயசைக்கிறார், அந்த நொடியில் அவர் என்ன சொன்னார்? உதட்டைப் பார்த்து, நாடாவைக் கேட்டு, இரண்டையும் துண்டு துண்டாகப் பொருத்தினார் ஸ்லேட்டர். இந்தப் படம் தொடங்குவதற்கு முன்பே, சொந்த ஆர்வத்தில் இதைச் செய்யத் தொடங்கியவர் அவர். அந்த அறையில் இருந்தவர்கள் பேசுவதை இன்று நாம் பார்த்துக்கொண்டே கேட்கிறோம் என்றால் அது அவருடைய பொறுமை.

நம்மிடமும் ஒருவர் இருந்தார், ஏ.கே. செட்டியார். 30 ஆண்டுகளில் ஏறத்தாழ 100 பேர் எடுத்த 50,000 அடிப் படச்சுருளை நாடு நாடாகப் போய்ச் சேகரித்து, 1940-இல் காந்தி ஆவணப்படத்தை வெளியிட்டார். அந்த வேலைக்கு அப்போது ஒரு பெயர்கூட இல்லை.

தனுஷ்கோடிப் புயல் என்று சொல்லிவிட்டு வேறெங்கோ அடித்த புயலை ஓட்டினால் யாருக்குத் தெரியும் என்று கேட்பவர்கள் உண்டு. பார்ப்பவருக்குத் தெரியாமல் போகலாம். ஆனாலும் அது பொய்தானே?

சரி, உங்கள் ரீல்களுக்கு வருகிறேன். முதலில் முகர்ந்து பாருங்கள். வினிகர் வாடை அடிக்கும் ரீலை உடனே தனியாக வையுங்கள், பக்கத்து ரீலையும் அது கெடுத்துவிடும். பழைய புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்காதீர்கள், சுருங்கிய பிலிம் அறுந்துபோகும். ஸ்கேன் செய்யக் கொடுங்கள். அப்புறம் அம்மாவையோ அத்தையையோ பக்கத்தில் உட்காரவைத்து, காட்சியை நிறுத்தி நிறுத்தி, யார் யார் என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். இதை மட்டும் தள்ளிப்போடாதீர்கள்.