கேட்டைத் தட்டும் அந்தப் பெண்

கேள்வி: எனக்கு 62 வயது. தஞ்சாவூர். 31 வருடம் தமிழாசிரியையாக இருந்தேன். பள்ளி ஆண்டு விழா நாடகம் என்றால் என் பொறுப்புதான். கணவர் இருந்தவரை இருவரும் ராத்திரியில் பழைய கறுப்பு வெள்ளை ஹாலிவுட் படங்கள் பார்ப்போம். மரியா ஊஸ்பென்ஸ்காயா என்றால் எனக்கு உயிர். அறுபது வயதில் ஹாலிவுட்டுக்குப் போய் இரண்டு முறை ஆஸ்கர் பரிந்துரை வாங்கியவர். என் பழைய மாணவன் ஒருவன் இப்போது உதவி இயக்குநர். "டீச்சர், உங்களுக்கு ஒரு நல்ல ரோல் இருக்கு" என்று நாலு மாதம் முன்பு சொன்னான். அதை நம்பி, சனிக்கிழமைகளில் மொட்டைமாடியில் பிள்ளைகளுக்கு நடத்திவந்த நாடக வகுப்பைக்கூட நிறுத்திவிட்டேன். (ஒரு பெண் மட்டும் இன்னும் வந்து கேட்டைத் தட்டிவிட்டுப் போகிறாள்.) இப்போது பார்த்தால் இரண்டே காட்சி. பாத்திரத்துக்குப் பெயர்கூட இல்லை, வெறும் பாட்டி. மகன் "உங்க இஷ்டம்மா" என்கிறான், ஆனால் முகத்தில் விருப்பம் இல்லை. மரியாவுக்கு அதிர்ஷ்டம் இருந்தது, எனக்கு இல்லை. இந்த வேஷத்தை ஒப்புக்கொள்ளலாமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: அம்மா, உங்கள் கடிதம் நான்கு பக்கம். இடம் கருதிச் சுருக்கித்தான் மேலே போட்டிருக்கிறேன். நான்கு பக்கத்திலும் உங்கள் வேஷம், உங்கள் வயது, உங்கள் மகனின் முகம். அந்தப் பெண்ணுக்கு மட்டும் அடைப்புக்குறிக்குள் ஒரே ஒரு வரி. அவள் பெயரைக்கூட நீங்கள் எழுதவில்லை. உங்கள் பாத்திரத்துக்குப் பெயர் வைக்கவில்லை என்று வருத்தப்படுகிற நீங்கள்!

ஓய்வு பெற்ற பிறகு திறமை வீணாகிறதே என்று எழுதும் கடிதங்கள் எனக்கு நிறைய வந்திருக்கின்றன. "வயது ஒரு தடையே இல்லை" என்று நான் சொல்ல வேண்டும் என்று எதிர்பார்ப்பார்கள். உங்களுக்கு அதைச் சொல்லப் போவதில்லை. நாலு மாதமாக ஒரு குழந்தை உங்கள் கேட்டைத் தட்டுகிறாள். நீங்கள் உள்ளே உட்கார்ந்து ஃபோன் வருமா என்று பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள். அவளுக்கு என்ன பதில் சொல்லி அனுப்பினீர்கள்? வெளியே வந்து பேசினீர்களா, அல்லது சத்தம் காட்டாமல் இருந்துவிட்டீர்களா?

மரியாவுக்கு அதிர்ஷ்டம் என்கிறீர்கள். அவருடைய படங்களைப் பார்த்திருக்கிறீர்கள், வாழ்க்கையைப் பார்க்கவில்லை.

அவர் 1876இல் ரஷ்யாவின் துலா நகரத்தில் பிறந்தவர். வார்சாவில் பாட்டுப் படித்தார், அப்புறம் மாஸ்கோவில் நடிப்பு. வெளியூர் வெளியூராக நாடகம் போட்டு அலைந்துவிட்டு, பெரிய நாடக இயக்குநரான ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் மாஸ்கோ கலை அரங்கில் சேரும்போது வயது முப்பதைத் தாண்டியிருந்தது. 1923இல் அந்தக் குழு அமெரிக்காவுக்கு வந்து ரஷ்ய மொழியிலேயே நாடகம் போட்டது. குழு ஊர் திரும்பியபோது இவர் அங்கேயே தங்கிவிட்டார். அப்போது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். தங்கி என்ன செய்தார் என்பதுதான் முக்கியம். அதே அரங்கிலிருந்து வந்த ரிச்சர்ட் போலெஸ்லாவ்ஸ்கி நியூயார்க்கில் நடத்திய அமெரிக்கன் லேபரட்டரி தியேட்டரில் நடிப்புச் சொல்லிக்கொடுத்தார். அங்கே அவரிடம் படித்தவர்களில் லீ ஸ்ட்ராஸ்பெர்க் ஒருவர், ஸ்டெல்லா ஆட்லர் ஒருவர். அமெரிக்க நடிப்பின் போக்கையே பின்னால் மாற்றிய இரண்டு ஆசிரியர்கள் அவர்கள். நடிகர் மார்லன் பிராண்டோவுக்குச் சொல்லிக்கொடுத்தவர் அந்த ஸ்டெல்லா. பிறகு மரியா தன் பெயரிலேயே ஒரு நடிப்புப் பள்ளி தொடங்கினார்.

ஹாலிவுட்டுக்கு ஏன் போனார் தெரியுமா? பள்ளிக்கூடத்தை நடத்தப் பணம் போதவில்லை. அதனால் போனார். வகுப்பு நடக்க வேண்டும் என்பதற்காக வேஷம் கட்டினார் அம்மா. நீங்கள் வேஷம் வரும் என்று வகுப்பை மூடியிருக்கிறீர்கள்.

இனி அந்த இரண்டு காட்சி விஷயம். 'டாட்ஸ்வொர்த்' 1936இல் வில்லியம் வைலர் எடுத்த படம். அதில் மரியா வருவது ஒரே ஒரு கட்டத்தில்தான். 1934இல் நியூயார்க்கின் பிராட்வே மேடையில் அதே கதை நாடகமாக நடந்தபோதே அதே சீமாட்டி வேஷத்தை அவர் செய்திருந்தார். படத்தில் ஏழையாகிப்போன ஆஸ்திரியப் பிரபுக் குடும்பத்துத் தாய். தன் மகனைக் கல்யாணம் செய்துகொள்ள வந்திருக்கும், அவனைவிட வயதில் மூத்த பெண்ணின் எதிரே உட்கார்ந்து, குரலே உயர்த்தாமல், இது நடக்காது என்று சொல்லிவிடுகிறார். பிள்ளை பெற முடியுமா, இளம் கணவனுக்கு வயதான மனைவியாக இருப்பதில் என்ன சந்தோஷம் என்று கேட்கிறார். எதிரே இருக்கும் பெண்ணின் முகம் நம் கண் முன்னாலேயே கிழடாகிவிடுகிறது. சில நிமிஷம்தான். துணை நடிகைக்கான ஆஸ்கர் முதன்முதலாக அந்த வருடப் படங்களுக்குத்தான் கொடுக்கப்பட்டது. அந்த முதல் பட்டியலிலேயே இவர் பெயர் இருந்தது.

1939இல் வந்த 'லவ் அஃபேர்' படத்தில் அவர் யார்? பாட்டி! மதீரா தீவில் தனியாக இருக்கும் கிழவி. கப்பல் நின்றிருக்கும் கொஞ்ச நேரத்தில் பேரன் ஒரு பெண்ணைக் கூட்டிக்கொண்டு வருகிறான். பாட்டி பியானோ வாசிக்கிறார், அந்தப் பெண் பாடுகிறாள். கப்பல் கிளம்பும் நேரம் வந்துவிடுகிறது. இனி இவர்களைப் பார்க்கப் போவதில்லை என்று கிழவிக்குத் தெரியும் என்பதை அந்த முகத்தில் பார்க்கலாம். அதற்கும் பரிந்துரை. இரண்டு முறையும் விருது வேறொருவருக்குப் போனது.

எல்லா வேஷமும் அப்படி அமைந்துவிடவில்லை. ஆங்கிலத்தில் ரஷ்யச் சாயல் விட்டுப்போகாத கிழவி என்பதால், அயல்நாட்டுக்காரி யார் தேவைப்பட்டாலும் அவரைக் கூப்பிட்டார்கள். பாலே ஆசிரியை, ஜிப்ஸிக் கிழவி, டார்ஜான் படத்தில் அமேசான் ராணி. 'தி ரெய்ன்ஸ் கேம்' படத்தில் ராஞ்சிபூர் என்ற கற்பனைச் சமஸ்தானத்து மகாராணி. ஒரு இந்தியப் பெண்ணுக்குப் போயிருக்க வேண்டிய வேஷம் அது. அவர் எவ்வளவு நன்றாகச் செய்திருந்தாலும் எனக்கு அதில் மனம் ஒட்டவில்லை. ஆனால் வேஷம் சின்னது, மட்டமானது என்று அவர் எதையும் அரைகுறையாகச் செய்ததில்லை.

1941இல் வந்த 'தி உல்ஃப் மேன்' ஒரு பேய்ப்படம்தான். ஆனால் அதைத்தான் நீங்கள் இன்னொரு முறை பார்க்க வேண்டும். அதில் ஜிப்ஸிக் கிழவி மலேவாவின் மகன் ஓநாயாக மாறும் சாபம் உள்ளவன். ஓநாயாக இருக்கும்போது ஒருவன் அவனை அடித்துக் கொன்றுவிடுகிறான். மகனின் உடலருகே நின்று, நீ நடந்தது முள் வழி, அது உன் குற்றமில்லை என்று சொல்லி வழியனுப்புகிறாள் தாய். கொன்றவனுக்கு ஓநாயின் கடியால் அதே சாபம் ஒட்டிக்கொள்கிறது. கடைசியில் அவனும் சாகிறான். அவன் உடலருகேயும் அதே மலேவா வந்து நிற்கிறாள். தன் மகனுக்குச் சொன்ன அதே வார்த்தைகளை, ஒன்றும் குறைக்காமல், தன் மகனைக் கொன்றவனுக்கும் சொல்கிறாள்.

வாத்தியார் வேலை அதுதான் என்று நான் நம்புகிறேன். பெற்ற பிள்ளைக்கு ஒரு அளவு, தேடி வந்த பிள்ளைக்கு ஒரு அளவு என்று அதில் கிடையாது. உங்கள் மகன் காய்ச்சலில் கூப்பிட்டிருந்தால் ஃபோன் வருமா என்று பார்த்துக்கொண்டு இருந்திருப்பீர்களா? 31 வருடம் "பிள்ளைகளா" என்று கூப்பிட்ட வாய் உங்களுடையது. பென்ஷன் வாங்கத் தொடங்கியதும் அந்த உறவு முடிந்துவிடாது.

இன்னொன்றும் சொல்கிறேன். மரியாவின் நியூயார்க் பள்ளியில் ஆன் பாக்ஸ்டர் என்று ஒரு சிறுமி படித்தாள். 'தி ரேஸர்ஸ் எட்ஜ்' படத்துக்காக 1947இல் அவளுக்கு ஆஸ்கர் கிடைத்தது. எந்தப் பிரிவில் தெரியுமா? துணை நடிகை. ஆசிரியைக்கு இரண்டு முறை கை நழுவிய அதே விருது. மரியா அப்போது உயிரோடு இருந்தார். 1949இல்தான் காலமானார். உங்கள் கேட்டுக்கு வெளியே நிற்கும் பெண் பெரிய நடிகை ஆவாளோ மாட்டாளோ, அது எனக்கு முக்கியமில்லை. மற்ற பிள்ளைகள் எல்லாம் நின்றுவிட்ட பிறகும் நாலு மாதமாக வருகிறாளே, அவள் வீட்டில் என்ன சொல்லிவிட்டு வருகிறாள், வேறு போக்கிடம் இருக்கிறதா என்று ஒரு நாளாவது கேட்டீர்களா?

மகனை விட்டுவிடுங்கள். "உங்க இஷ்டம்மா" என்றால் உங்கள் இஷ்டம் என்றுதான் அர்த்தம். முடிவெடுக்கப் பயந்துகொண்டு பழியை அவன் முகத்தின் மேல் போடாதீர்கள். தாய் இப்படிச் செய்யக் கூடாது.

பாட்டி வேஷத்தை ஒப்புக்கொள்ளுங்கள். உங்கள் மாணவன் கேட்டிருக்கிறான், அவனுக்காகவே செய்யலாம். இரண்டு காட்சியையும் முழுசாகப் படித்துப் பாடம் பண்ணிக்கொண்டு போங்கள். சனிக்கிழமை படப்பிடிப்புக்கு வர முடியாது, வகுப்பு இருக்கிறது என்று இப்போதே சொல்லிவிடுங்கள். சம்பளம் என்று ஏதாவது கொடுத்தால் மொட்டைமாடிக்கு ஒரு பந்தல் போடுங்கள், பிள்ளைகள் வெயிலில் நிற்க வேண்டாம். நிறுத்திய மற்ற பிள்ளைகளின் வீடுகளுக்கு நீங்களே நேரில் போய்க் கூப்பிடுங்கள், ஆள் விட்டுச் சொல்லாதீர்கள்.

ஆனால் அதெல்லாம் அடுத்த வாரம். இந்தச் சனிக்கிழமை அவள் தட்டுவதற்கு முன்னால் கேட்டைத் திறந்துவைத்துவிட்டு வாசலில் நில்லுங்கள். அடுத்த கடிதத்தில் அவள் பெயரை எழுதுங்கள்.