துறைமுகம், கப்பல், கால்வாய்: கேட்டீர்கள், சொல்கிறேன்

சென்னையில் சரக்கு அனுப்பும் தொழிலில் இருபத்தாறு வருடம் இருந்தவன் நான். துறைமுகம் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள் என்று போன வாரம் வாயை விட்டேன். கேள்விகள் குவிந்துவிட்டன. ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துவிட்டு, எனக்குத் தெரிந்தவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

கேள்வி (கல்லூரி மாணவி, மதுரை): இந்தியாவின் வெளிநாட்டு வணிகத்தில் 95 சதவீதம் கடல் வழியாக நடப்பதாகப் பாடத்தில் இருக்கிறது. இவ்வளவு விமானம், லாரி, ரயில் இருந்துமா?

ஆமாம். ஆனால் அந்த 95 எடைக் கணக்கு. பண மதிப்பில் பார்த்தால் சுமார் 70 சதவீதம்தான். இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் வைத்துப் பாரும்மா, விஷயம் புரிந்துவிடும். செல்போன், மருந்து, தங்கம் மாதிரி எடை குறைந்த, விலை கூடிய சரக்கு விமானத்தில் போகிறது. கச்சா எண்ணெய், நிலக்கரி, உரம், பாமாயில் எல்லாம் கப்பலில். தண்ணீர் தாங்கும் எடையை வேறு எதுவும் அவ்வளவு மலிவாகத் தாங்காது.

இன்னொன்று, நமக்கு நிலவழியே குறைவு. வடக்கே இமயமலை, மேற்கே அரசியல். நேபாளம், பூட்டான், பங்களாதேஷ் நீங்கலாகப் பார்த்தால் வணிகத்தைப் பொறுத்தவரை நாம் கிட்டத்தட்ட ஒரு தீவு.

கேள்வி (மின் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர், சேலம்): ஒடிசா நிலக்கரியை ரயிலில் நேரே கொண்டுவராமல், நடுவில் கப்பலில் ஏற்றி இறக்குவது ஏன்? இரட்டை வேலைதானே?

இரட்டை வேலைதான் ஐயா, மறுக்கவில்லை. தால்ச்சர் சுரங்கத்திலிருந்து பாரதீப் துறைமுகம் வரை ரயில், அங்கிருந்து எண்ணூருக்கோ தூத்துக்குடிக்கோ கப்பல். ஏற்றுக்கூலி, இறக்குக்கூலி, வழியில் சிந்துவது எல்லாம் உண்டு.

ஆனால் கணக்கைப் பாருங்கள். ஒரு சரக்கு ரயில் சுமார் 4,000 டன் இழுக்கும். நடுத்தரமான ஒரு நிலக்கரிக் கப்பல் 60,000 டன்னுக்கு மேல் கொண்டுவரும். அதாவது ஒரு கப்பல் வந்தால் பதினைந்து ரயில்கள் அந்த நீண்ட தூரத்தை ஓட வேண்டியதில்லை. ஹவுரா-சென்னைப் பாதையில் ஏற்கெனவே மூச்சு முட்டுகிறது. அங்கே மிச்சமாகும் இடத்தில் பயணிகள் ரயிலும் மற்ற சரக்கும் ஓடுகின்றன. கப்பலால் தண்டவாளத்துக்குக் கிடைக்கும் இந்த லாபத்தை யாரும் எழுதிவைப்பதில்லை.

எண்ணூர்த் துறைமுகம் 2001இல் திறக்கப்பட்டதே முக்கியமாக இதற்காகத்தான். வடசென்னை அனல்மின் நிலையம் பக்கத்திலேயே இருப்பதால் கப்பலிலிருந்து இறங்கும் கரி கன்வேயரிலேயே போய்விடும், லாரியே வேண்டாம். அதற்கு முன்னால் சென்னைத் துறைமுகத்தில் கரி இறங்கியபோது ராயபுரம் பக்கம் மொட்டை மாடியில் வெள்ளைத் துணி காயப்போட முடியாது. 2011இல் உயர் நீதிமன்ற உத்தரவுக்குப் பிறகுதான் சென்னையில் நிலக்கரியும் இரும்புத்தாதும் கையாள்வது நின்றது. எண்ணூர்க்காரர்கள் இப்போது என்ன நினைக்கிறார்கள் என்பது வேறு கதை. தூசி இடம் மாறியதே தவிர ஒழியவில்லை.

உங்கள் பக்கத்து மேட்டூர் நிலையத்துக்குக் கடல் இல்லையே. அங்கே துறைமுகத்தில் இறங்கிய கரி மறுபடி ரயில் ஏற வேண்டும்.

கேள்வி (பின்னலாடை ஏற்றுமதியாளர், திருப்பூர்): தூத்துக்குடியில் ஏற்றிய என் பெட்டி (கண்டெய்னர்) ஐரோப்பாவுக்கு நேரே போகாமல் கொழும்பில் இறங்கி உட்கார்ந்துகொள்கிறது. சில சமயம் ஒரு வாரம். இது எப்போது மாறும்?

ஊருக்குள் மினி பஸ் ஏறி, பைபாஸில் இறங்கி, வெளியூர் பஸ்ஸைப் பிடிக்கிறோம் அல்லவா, அதேதான். பைபாஸ் பஸ் ஊருக்குள் வராது. இருபதாயிரம் பெட்டிக்கு மேல் சுமக்கும் தாய்க்கப்பல் பத்து துறைமுகத்தில் நின்று நின்று போனால் கட்டுப்படியாகாது. ஆழமும் வேண்டும், ஒரே இடத்தில் ஆயிரக்கணக்கில் பெட்டியும் வேண்டும். கொழும்பு கிழக்கு-மேற்குக் கப்பல் பாதையை ஒட்டியே இருக்கிறது. அதனால் நம் பெட்டிகளை ஃபீடர் எனும் சின்னக் கப்பலில் அங்கே கொண்டுபோய் மாற்றுகிறோம். அந்தக் கூடுதல் கூலி கடைசியில் உங்கள் தலையில்தான்.

மாற்றம் தொடங்கிவிட்டது. 2018இல் வெளிநாட்டுக் கப்பல்களும் இந்தியத் துறைமுகங்களுக்கு இடையே ஏற்றுமதி, இறக்குமதிப் பெட்டிகளைக் கொண்டுபோகலாம் என்று விதியைத் தளர்த்தினார்கள். கேரளத்து விழிஞ்ஞத்தில் 2024 ஜூலையில் முதல் தாய்க்கப்பல் வந்தது, டிசம்பரில் வணிகச் செயல்பாடு தொடங்கியது. அங்கே இயற்கையாகவே 18 மீட்டருக்கு மேல் ஆழம். கப்பல் பாதையும் பத்து கடல் மைல் தூரத்தில்தான். ஆனால் திறக்கும்போது ரயில் இணைப்பு இல்லாமலேதான் திறந்தார்கள். அதனால் கப்பலிலிருந்து கப்பலுக்கு மாற்றும் வேலை அங்கே நன்றாக நடக்கும். உங்கள் பெட்டியைத் திருப்பூரிலிருந்து நேரே அங்கே அனுப்பலாமா என்றால், அவசரப்படாதீர்கள்.

இப்போதைக்கு என் யோசனை: புக்கிங் போடும்போது கப்பல் கிளம்பும் தேதியை மட்டும் கேட்காதீர்கள். கொழும்பில் எந்தக் கப்பலில் மாறும், அது தவறினால் அடுத்தது எப்போது என்றும் கேளுங்கள். 2023 கடைசியில் செங்கடல் தாக்குதல்கள் ஆரம்பித்தபின் பல கப்பல்கள் சூயஸை விட்டு ஆப்பிரிக்காவைச் சுற்றின. பத்து நாளுக்கு மேல் கூடிப்போனது. வாங்குபவரிடம் தேதி ஒப்புக்கொள்ளும்போது அந்த மாதிரி நாட்களையும் மனதில் வையுங்கள்.

கேள்வி (டிரெய்லர் ஓட்டுநரின் மகன், வடசென்னை): துறைமுகம் வேகமாகிவிட்டது என்று செய்தி வருகிறது. எங்கள் அப்பா கேட்டுக்கு முன்னால் ராத்திரி முழுக்க வண்டியிலேயே தூங்குகிறார். எது உண்மை?

இரண்டும் உண்மை தம்பி. வேகம் என்று அவர்கள் சொல்வது பெரும்பாலும் கப்பல் பெர்த்தில், அதாவது சரக்கு ஏற்றி இறக்கும் மேடை அருகே, நிற்கும் நேரம். கிரேன் அதிகமானால் அது குறையும். உன் அப்பா நிற்பது அந்தக் கணக்கிலேயே வராது.

எனக்கே ஓர் அனுபவம். சிங்கப்பூரிலிருந்து ஒரு பெட்டி ஆறே நாளில் வந்துவிட்டது. ஸ்ரீபெரும்புதூர்த் தொழிற்சாலைக்குப் போய்ச் சேர இன்னும் ஒன்பது நாள். எங்கள் அலுவலகத்தில் எடையைத் தவறாக டைப் செய்திருந்தோம், அதைத் திருத்த மூன்று நாள். பிறகு ஸ்கேனிங், பிறகு சிஎஃப்எஸ் (துறைமுகத்துக்கு வெளியே பெட்டிகளை வைத்துச் சுங்க வேலை முடிக்கும் கிடங்கு), பிறகு டிரெய்லர் வரிசை. ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் கடலைவிடக் கடைசி நாற்பது கிலோமீட்டருக்கு அதிக நாள்! அன்றிலிருந்து யாராவது புதுத் துறைமுகம் வருகிறது என்றால் முதலில் சாலையும் ரயிலும் எங்கே என்றுதான் கேட்பேன்.

சென்னையில் சிக்கல் என்னவென்றால் துறைமுகத்தைச் சுற்றி ஊர் அடைத்துக்கொண்டது. பகலில் கனரக வண்டிக்குக் கட்டுப்பாடு, ராத்திரி எல்லோரும் ஒரே நேரத்தில் வருகிறார்கள். இதற்காகத்தான் துறைமுகம்-மதுரவாயல் மேம்பாலம். 2009இல் அடிக்கல், கூவத்தில் தூண் வைத்த பிரச்சினையில் 2012இல் நின்றது, 2022இல் ஈரடுக்கு மேம்பாலமாக மறுபடி அடிக்கல். நடுவில் போன வருடங்களை உன் அப்பா மாதிரி ஆட்கள்தான் வண்டியில் தூங்கிக் கழித்தார்கள்.

கேள்வி (மரக்காணம்): எங்கள் ஊர் வரை வரும் பக்கிங்காம் கால்வாயில் மறுபடி படகு விட முடியாதா?

ஆசை எனக்கும் உண்டு. 1806இல் சென்னைக்கு வடக்கே தோண்ட ஆரம்பித்தது. 1876-78 தாது வருடப் பஞ்சத்தில் நிவாரண வேலையாக அடையாற்றையும் கூவத்தையும் இணைத்தார்கள். அப்போதைய கவர்னர் பக்கிங்காம் பிரபு பெயர் வந்தது அப்படித்தான். விறகும் உப்பும் நெல்லும் படகில் வந்து இறங்கிய காலம் ஒன்று இருந்தது. அதைக் கெடுத்தவை 1960களில் அடித்த புயல்கள், அப்புறம் கழிவுநீர், கடைசியில் சென்னைக்குள் பறக்கும் ரயில் தூண்கள்.

2008இல் இதைத் தேசிய நீர்வழி 4இன் பகுதியாக அறிவித்தார்கள். 2016 சட்டத்தில் நாடு முழுக்க 111 நீர்வழிகள். அறிவிப்பது எளிது. உருப்படியாகச் சரக்கு ஓடுவது கங்கை, பிரம்மபுத்திரா, கோவா ஆறுகள் என்று விரல் விட்டு எண்ணலாம். பார்ஜ் எனும் தட்டையான சரக்குப் படகு ஓட வருடம் முழுக்க இரண்டு, மூன்று மீட்டர் தண்ணீர் நிற்க வேண்டும். நம் ஆறுகளில் அது எங்கே? சென்னைக்குள் இனி வாய்ப்பில்லை என்பதே என் எண்ணம். உங்கள் பக்கம் உப்பளப் பகுதியில் சின்னப் படகுகள் ஓடலாம்.

கேள்வி: தூத்துக்குடியிலிருந்து சென்னைக்குக் கப்பல் இலங்கையைச் சுற்றித்தான் வருமா?

ஆமாம். பாக் நீரிணை பெரிய கப்பலுக்கு ஆழம் போதாது. சிறியவை பாம்பன் பாலம் திறக்கும்வரை காத்திருந்து போகும். 2005இல் தொடங்கிய சேதுக் கால்வாய் முடியவில்லை. அந்தச் சண்டைக்குள் நான் வரவில்லை.

கேள்வி: கப்பலில் பைலட் என்றால் யார்? கேப்டன்தானே ஓட்டுகிறார்?

கடலில் கேப்டன். துறைமுகத்தை நெருங்கியதும் அந்த ஊர்ப் பைலட் படகில் வந்து, கயிற்றேணியில் ஏறி, வழி சொல்வார். எங்கே மணல் திட்டு, எந்த நேரம் நீரோட்டம் என்பது அவருக்குத்தான் அத்துப்படி. அப்போதும் பொறுப்பு கேப்டனுடையதே.

கேள்வி (தூத்துக்குடி): எங்கள் தாத்தா தோணியில் போனவர். தோணிக்கெல்லாம் இனி என்ன இடம்?

தோணிகள் மாலத்தீவுக்கு இன்றும் போகின்றனவே! வெங்காயம், காய்கறி, செங்கல், ஜல்லி என்று கலந்து ஏற்றுவார்கள். பெட்டிக்குள் அடங்காத சில்லறைச் சரக்கு, கிரேன் இல்லாத சின்னத் துறை, இரண்டுக்கும் தோணி பொருந்துகிறது. தென்மேற்குப் பருவக்காற்று மாதங்களில் கடலுக்குப் போகாமல் கரையில் கட்டிவைத்துப் பழுது பார்ப்பார்கள். உங்கள் தாத்தா எந்தத் தோணியில் போனார் என்று பழைய துறைமுகம் பக்கம் வயதானவர்களிடம் விசாரித்துப் பாருங்கள். தோணியின் பெயரைச் சொன்னால் போதும், ஆளை அடையாளம் சொல்லிவிடுவார்கள்.